எடை எழுதாத பெட்டி

மக்கள்தொகைக் கணக்கெடுக்க வந்த டீச்சர் “தொழில்?” என்று கேட்டபோது, “கம்ப்யூட்டர் கம்பெனியில் நோட்டு எழுதுவது” என்றேன். அவர் என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு “துப்புரவு” என்று எழுதிக்கொண்டார். அதுவும் பொய்யில்லை. காலையில் பெருக்கித் துடைத்ததும் நான்தான். ஆனாலும் பெருக்கி முடித்த பிறகு நான் பார்த்த வேலை வேறு. அதை அவரிடம் விளக்க வாய் வரவில்லை. எனக்கு எப்போதும் அப்படித்தான்.

போன மாதம் டில்லிபாபு வீட்டுக்கு வந்தான். ராயபுரத்தில் நான் வேலை பார்த்த அதே கம்பெனியில் இப்போது அவன்தான் பெரிய ஆள். புதிதாகச் சேர்ந்த பிள்ளைகள், புரோகிராமில் தப்புப் பார்க்கிற செக்கர் சொல்வதைப் படித்துக்கூடப் பார்க்காமல் அதன் வாயைக் கட்டிவிடுகிறார்களாம். கம்பெனி மலருக்கு என்னை எழுதித் தரச் சொன்னான்.

“நீயே எழுதேன்பா” என்றேன்.

“நான் எழுதுனா அட்வைஸுன்னு பக்கத்தத் திருப்பிடுவானுங்கோ யக்கா. நீ எழுதுனா இன்னாடா இதுன்னு படிப்பானுங்கோ.”

அதனால் எழுதுகிறேன். நான் படித்தது ஐந்தாம் வகுப்பு. தமிழ் நன்றாக எழுதுவேன். இங்கிலீஷில் எழுத்துகள் தெரியும், கூட்டிப் படிக்க வராது.

கம்ப்யூட்டர் கம்பெனிக்கு வருவதற்கு முன் மணலியில் ஒரு டிரம் யார்டில் இருந்தேன். ரசாயனம் வந்த இரும்பு டிரம்களைக் கழுவி மறுபடி விற்கும் இடம். உள்ளே என்ன இருந்தது என்று சொல்லும் பழைய சீட்டைச் சுரண்டி எடுத்து, கழுவியதும் புதுச் சீட்டு ஒட்டுவது என் வேலை. எட்டு வருடத்தை ஒரே வரியில் சொல்லிவிடலாம்: சுரண்டினேன், ஒட்டினேன். அங்கே நடந்த ஒன்றை மட்டும் சொல்ல வேண்டும். ஒரு நாள் சீட்டு இல்லாமல் ஒரு டிரம் வந்தது. சீட்டு இல்லை, ஆகவே காலி என்று நினைத்து, என்னோடு வேலை பார்த்த குப்பு மூடியைத் திறந்து தண்ணீர் விட்டாள். உள்ளே அடியில் ஏதோ இருந்திருக்கிறது. புகை கிளம்பி, முழங்கை வரை அவளுக்குத் தோல் உரிந்துவிட்டது. கை பிழைத்தது. அன்றைக்கு அவள் திறப்பதை நான் பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். வேண்டாமே என்று மனதில் பட்டது. சொல்லவில்லை. அவள் என்னை விட மூத்தவள், மேஸ்திரியும் அங்கே நின்றார், நான் போய் என்ன சொல்வது என்று இருந்துவிட்டேன்.

அந்த யார்டை மூடியதும் ராயபுரத்தில் இந்த வேலை கிடைத்தது. மாடியில் ஒரு நீளக் கூடம், எட்டு மேசை. துறைமுகத்தைச் சுற்றியுள்ள கன்டெய்னர் யார்டுகளுக்கு புரோகிராம் எழுதிக் கொடுப்பார்கள். எந்தப் பெட்டி எந்த லாரியில் வந்தது, எங்கே அடுக்குவது, எப்போது கப்பலுக்குப் போவது, எல்லாவற்றையும் அந்த புரோகிராம்தான் சொல்லும். நடத்தியவர் எஸ்தர் மேடம். தூத்துக்குடிப் பக்கத்து வியாபாரக் குடும்பம். அப்பா மளிகை மொத்தக் கடை வைத்திருக்க, மகள் கம்ப்யூட்டர் படித்தவர்.

மேடம் ஒரு நாளும் சத்தம் போட்டதில்லை. சத்தம் போட்டிருந்தால் பிள்ளைகளுக்குச் சுலபமாக இருந்திருக்கும். ஏதாவது சரியில்லை என்றால் கண்ணாடியைக் கழற்றுவார், அதன் இரண்டு காதுக்கம்பியையும் மடக்குவார், மேசை மேல் வைப்பார். பிறகு, “எங்க, இன்னொரு தடவ சொல்லுங்க, கேக்கேன்” என்பார். அந்த இன்னொரு தடவையில் பாதிப் பேர் தாங்களே தங்கள் தப்பைக் கண்டுபிடித்துவிடுவார்கள். என்னையும் “வாங்க, போங்க” என்றுதான் கூப்பிடுவார். அதுவே முதலில் எனக்குக் கூச்சமாக இருந்தது.

இரண்டாயிரம் பிறந்து சில வருடம் கழித்துத்தான் செக்கர் வந்தது. எனக்குப் புரிந்த வரையில் சொல்கிறேன், தப்பிருந்தால் பிள்ளைகள் மன்னிக்க வேண்டும். அவர்கள் எழுதுவதை மெஷினுக்குப் புரியும் பாஷைக்கு மாற்றுவதை கம்பைல் என்பார்கள். அந்த மாற்றம் நடக்கும்போதே கூட உட்கார்ந்து படித்துப் பார்த்து, “இந்த இடத்தில் சந்தேகம்” என்று சொல்கிற ஒரு ஒட்டு புரோகிராம்தான் செக்கர். ப்ளக்-இன் என்பார்கள். புரோகிராம் யார்டுக்குப் போய் ஓடி, அங்கே கீழே விழுந்து, அதன் பிறகு தெரிந்துகொள்வதை விட, இங்கே உட்கார்ந்தபடியே தெரிந்துகொள்வது. அதற்காக இவர்கள் புரோகிராமுக்குள் சின்னச் சின்னச் சீட்டு ஒட்ட வேண்டும். சுருட்டி எழுதின இங்கிலீஷ் ‘ஏ’ போட்டுத் தொடங்கும். “இந்த இடம் வெறுமையாக வரலாம்” என்று ஒரு சீட்டு. “இது ஒரு நாளும் வெறுமையாக வராது” என்று ஒரு சீட்டு. வெறுமையாக வரலாம் என்று ஒட்டிய ஒன்றைச் சோதிக்காமல் எடுத்துப் பயன்படுத்தினால் செக்கர் பிடித்துக்கொள்ளும்.

இதை மேடம் எனக்குச் சொன்னபோது, “டிரம்முக்குச் சீட்டு ஒட்டற மாதிரியா மேடம்?” என்று கேட்டுவிட்டு நாக்கைக் கடித்துக்கொண்டேன். அவர் சிரிக்கவில்லை. “அதேதான்” என்றார்.

முதல் நாள் செக்கரை ஓடவிட்டு, அது சொன்னதையெல்லாம் பிரிண்டரில் விட்டார்கள். மேடத்துக்குத் திரையில் படிப்பது பிடிக்காது, தாளில் சிவப்புப் பென்சிலால் கோடு போட்டால்தான் ஆகும். தாள் கரகரவென்று வந்து தரையில் மடிந்து மடிந்து விழுந்தது. டில்லிபாபு எட்டிப் பார்த்துவிட்டு, “கொருக்குப்பேட்டையில செக்கர் ஏறுன மாரி கீது. ஒருத்தன் கையிலயும் டிக்கெட்டு இல்ல!” என்றான். கூடமே சிரித்தது. எல்லாம் அவர்கள் எழுதினதுதான்.

தினம் காலையில் அந்தத் தாளைக் கிழித்து, பெயர் பார்த்துப் பிரித்து, அவரவர் மேசையில் வைப்பது என் வேலையானது. சில நாளில் ஒரு விஷயம் கவனித்தேன். சிலருடைய தாள் திடீரென்று குட்டையாகிவிடும். திருத்திவிட்டார்கள் என்று நினைத்தேன். திருத்தவில்லை. செக்கரின் வாயைக் கட்ட ஒரு வரி இருக்கிறது. அதைப் போட்டுவிட்டால் அந்த இடத்தைப் பற்றி அது பேசாது. சில நேரம் அது நியாயம்தான், செக்கருக்குத் தெரியாத ஒன்று எழுதினவருக்குத் தெரிந்திருக்கும். பல நேரம் சோம்பல்.

மேடம் அதற்காகத் தடை போடவில்லை. ஒரு நீள நோட்டு வாங்கி வந்து என் கையில் கொடுத்தார். எல்லாரையும் கூப்பிட்டுச் சொன்னார்: “யாரு வேணும்னாலும் செக்கர் வாயக் கட்டிக்கிடலாம். ஆனா ஏன் கட்டுதீங்கன்னு கன்னியம்மாகிட்ட வந்து சொல்லணும். அவங்க அத தமிழ்ல நோட்டுல எழுதுவாங்க. அவங்களுக்குப் புரிஞ்சு எழுதினாத்தான் அது காரணம்.”

எல்லாரும் போன பிறகு மேடத்தின் அறைக்குப் போய் நின்றேன். “எனக்கு இதெல்லாம் என்ன தெரியும் மேடம்? உங்ககிட்டயே சொல்லட்டுமே.”

“என்கிட்ட சொன்னா, மேடத்துக்குத்தான் தெரியுமேன்னு பாதிய விட்டுருவாங்க கன்னியம்மா. நானும் தெரிஞ்ச மாதிரி தலையாட்டிருவேன். உங்ககிட்ட முழுசும் சொல்லியாகணும்லா?”

முதலில் வந்தவள் ரேவதி. வேகமாகப் பேசுகிற பெண். என் முன்னால் நாற்காலி இழுத்துப் போட்டு, “எழுதிக்கோங்கக்கா, லாரி நம்பர் இல்லாம பெட்டி உள்ளயே வராது, அதனால இந்த இடம் வெறுமையா இருக்க வாய்ப்பே இல்ல” என்றாள். நான் எழுதத் தொடங்கினேன். யார்டுக்குள் பெட்டி வருகிற படம் என் மனதில் ஓடியது. “ரயில்ல வர்ற பெட்டிக்கு?” என்று, கேட்க நினைத்ததை விட மெல்லக் கேட்டேன். “ஐயோ. வேணாங்கா, எழுதாதீங்க. நானே போய்ச் சரி பண்ணிடறேன்” என்று ஓடினாள். நாற்காலியைக்கூடத் திருப்பி வைக்கவில்லை.

அப்படியே பழகிவிட்டது. நோட்டில் இருந்த வரிகளை விட நோட்டுக்கு வந்து எழுதாமல் திரும்பிய வரிகள்தான் அதிகம். யார்டுக்கு புரோகிராம் கொடுக்கும் நாளில் இன்னொரு வழக்கமும் வந்தது. எல்லாரும் உட்கார, நான் நோட்டை முதல் வரியிலிருந்து கடைசி வரி வரை உரக்கப் படிக்க வேண்டும். ‘உரக்க’ என்பது மேடத்தின் சொல். என் உரக்க, மூன்றாவது மேசை வரைக்கும்தான் போகும்.

இனி முப்பத்தேழாவது வரிக்கு வருகிறேன்.

எண்ணூர்ப் பக்கம் ஒரு பெரிய யார்டுக்கு புரோகிராம் எழுதினார்கள். அது முழுக்க டில்லிபாபுவின் பொறுப்பு. அவன் எர்ணாவூர்க்காரன், அவன் வீட்டில் கம்ப்யூட்டரைத் தொட்ட முதல் ஆள். ஒரு வருடம் தற்காலிகமாக எடுத்திருந்தார்கள். எண்ணூர் வேலை சொன்ன நாளில் ஒழுங்காகப் போய்ச் சேர்ந்தால் நிரந்தரம் என்று மேடம் சொல்லியிருந்தார். அவன் விம்கோ நகரில் ரயில் ஏறுவான், நான் அடுத்ததாகத் திருவொற்றியூரில் ஏறுவேன். பொதுப் பெட்டி வாசலில் நின்றுகொண்டு பெண்கள் பெட்டியில் இருக்கும் என்னைப் பார்த்துக் கையாட்டுவான். ராயபுரத்தில் இறங்கியதும் என் சாப்பாட்டுக் கூடையை வாங்கித் தூக்கிக்கொள்வான். “பர்மனென்ட் ஆனா மொத ஸ்வீட்டு உனக்குத்தான் யக்கா” என்பான் தினமும். தினமும் எனக்கும் சந்தோஷமாக இருக்கும்.

ஒரு சாயங்காலம் நோட்டை அலமாரியில் வைத்துப் பூட்டிவிட்டேன். ரயிலுக்கு நேரமாகிவிட்டது. படி இறங்கும்போது டில்லிபாபு பின்னாலேயே ஓடி வந்தான்.

“யக்கா, ஒண்ணே ஒண்ணு எழுதிடு. இன்னிக்குக் கட்டுனாத்தான் நாளைக்கு டெஸ்டிங் போவும்.”

“ரயிலு போயிடும்பா.”

“ஒரு வரிதான் யக்கா. பெட்டியோட சரக்கு எடைல செக்கர் பேஜாரு பண்ணுது. அது டிஃபால்ட் ஆயிடும், பயம் இல்ல. அவ்ளோதான்.”

திரும்பி ஏறி, அலமாரியைத் திறந்து, நின்றபடியே எழுதினேன். ‘37. சரக்கு எடை. டிஃபால்ட் ஆகிவிடும். பயம் இல்லை.’ டிஃபால்ட் என்றால் என்ன என்று எனக்குத் தெரியாது. கேட்கவில்லை. ரயில் ஒரு காரணம். ஆனால் ரயில் இல்லாவிட்டாலும் கேட்டிருக்க மாட்டேன். அவன் நம்ம பிள்ளை, அவனை நிறுத்தி வைத்துக் கேட்பதா என்று இருந்தது. ரயிலைப் பிடித்துவிட்டோம். வாசலில் நின்று கையாட்டினான்.

புரோகிராமைக் கொடுக்கிற நாள் வந்தது. அதை வாங்கிப் போக எண்ணூர் யார்டிலிருந்து வந்த வண்டி கீழே நின்றது. டில்லிபாபு இஸ்திரி போட்ட சட்டையில் வந்திருந்தான். எல்லாரும் உட்கார்ந்தார்கள். நான் படித்தேன். ஒவ்வொரு வரிக்கும் மேடம் தலையசைப்பார், நான் அடுத்ததுக்குப் போவேன்.

முப்பத்தேழு வந்தது. படித்தேன், கொஞ்சம் வேகமாகவே. மேடம் தலையசைத்தார். முப்பத்தெட்டு படித்தேன். முப்பத்தொன்பது படித்தேன். நாற்பதின் பாதியில் எழுத்து கண்ணில் நிற்கவில்லை. குப்பு மூடியைத் திருகுவதும், நான் பக்கத்தில் கையைக் கட்டிக்கொண்டு நிற்பதும்தான் தெரிந்தது.

“என்ன கன்னியம்மா, தண்ணி வேணுமா?” என்றார் மேடம்.

“முப்பத்தேழு எனக்குப் புரியாம எழுதினது மேடம்.”

டில்லிபாபு எழுந்துவிட்டான்.

“இன்னா யக்கா நீ? கீழ வண்டி நிக்குது. அன்னிக்கே சொல்றதுதானே?”

“ஆமாம்பா. அன்னிக்கே சொல்லியிருக்கணும். தப்பு எம்மேலதான்.”

“மேடம், சின்ன விஷயம் மேடம் அது. அதுக்கோசரம் வண்டிய நிறுத்தணுமா?”

மேடம் கண்ணாடியைக் கழற்றினார். ஒரு காதுக்கம்பியை மடக்கினார். மற்றதை மடக்கினார். “வண்டி நிக்கட்டும். சின்ன விஷயம்னா சீக்கிரம் முடிஞ்சிரும்லா? என்கிட்ட இல்ல தம்பி, அவங்ககிட்ட சொல்லுங்க.”

அவன் என் பக்கம் திரும்பினான். முகத்தில் இருந்த கோபத்தை இன்றைக்கும் என்னால் நினைத்துப் பார்க்க முடியும். ஒவ்வொரு வார்த்தையாகக் கல் வைப்பது போல வைத்தான்.

“யக்கா. ஏஜென்டு கம்பெனிக்காரன் பெட்டி லிஸ்டு அனுப்புவான். அதுல சில பெட்டிக்கு எடை எழுதாம உட்டுடுவான். அப்போ புரோகிராம் நின்னுடக் கூடாது இல்ல? அதுக்கு ஜீரோ போட்டுக்கும். அதான் டிஃபால்ட்டு. புரிஞ்சுதா?”

“ஜீரோன்னா?”

“ஜீரோன்னா ஒண்ணுமில்ல.”

“அப்ப சரக்கு எடை ஒண்ணுமில்லைன்னா அந்தப் பெட்டி…?”

“காலி. காலிப் பெட்டின்னு எடுத்துக்கினு காலிப் பெட்டி வரிசைக்கு அனுப்பிடும். அங்க சின்ன வண்டி கீது, காலிப் பெட்டிய மட்டும் தூக்குற வண்டி, அது வந்து தூக்கி மேல…”

அங்கேயே பேச்சை நிறுத்தினான். கை, பெட்டியைத் தூக்குகிற மாதிரி காற்றில் இருந்தது. அப்படியே இருந்தது.

“எடை எழுதலைன்னா காலின்னு அர்த்தம் இல்லியேப்பா” என்றேன். என் குரல் எனக்கே கேட்கவில்லை. அவனுக்குக் கேட்டது.

டில்லிபாபு உட்கார்ந்துவிட்டான். சரக்கு நிறைந்த பெட்டியைக் காலி என்று நினைத்து அந்தச் சின்ன வண்டி தூக்கினால், வண்டி குப்புறக் கவிழும். வண்டிக்குள் ஓட்டுகிறவர் இருப்பார். பக்கத்தில் கொடி காட்டுகிறவர் நிற்பார். அதை யாரும் எனக்கு விளக்க வேண்டியிருக்கவில்லை. செக்கர் முதல் நாளே அந்த இடத்தைப் பிடித்திருந்தது. அவன் அதன் வாயைக் கட்டினான், நான் முடிச்சுப் போட்டுக் கொடுத்தேன்.

மேடம் கீழே இறங்கிப் போய் வண்டிக்காரரிடம் தாமே பேசித் திருப்பி அனுப்பினார். ஒரு வாரம் அவகாசம் கேட்டாராம். மேலே வந்து எங்கள் இருவரையும் அறைக்குக் கூப்பிட்டார். தப்பு என்னுடையது, பிள்ளையின் வேலையில் கை வைத்துவிடாதீர்கள் என்று சொல்ல வாய்க்குள் வார்த்தையைச் சேர்த்து வைத்திருந்தேன். அதை அவர் சொல்லவிடவில்லை.

“தம்பி, உங்க நிரந்தரம் மூணு மாசம் தள்ளிப் போவுது. அதுக்குள்ள அந்த வாய்க்கட்டை அவுத்து, செக்கர் கேக்கதுக்குப் பதில் சொல்லுங்க.” பிறகு என்னைப் பார்த்தார். “கன்னியம்மா, நோட்டுல இன்னொரு கட்டம் போடுங்க. ‘புரிந்தது’ன்னு தலைப்பு. புரிஞ்சா மட்டும் கையெழுத்து. ரயிலு போனா போவட்டும், நான் ஆட்டோவுல அனுப்புதேன்.”

அவ்வளவுதான். திட்டவில்லை. எனக்குத் திட்டியிருந்தால் தேவலை என்று இருந்தது.

டில்லிபாபு அந்த இடத்தைத் திருத்தினான். எடை எழுதாத பெட்டிக்கு ‘வெறுமையாக வரலாம்’ என்ற சீட்டு ஒட்டினான். ஒட்டியதும் செக்கர் இன்னும் நான்கு இடத்தில் சத்தம் போட்டதாம், நான்கையும் திருத்தினான். எடை தெரியாத பெட்டி இனி காலி வரிசைக்கும் போகாது, சரக்கு வரிசைக்கும் போகாது, நேரே எடை மேடைக்குப் போகும். ஒரு வாரத்தில் புரோகிராம் எண்ணூருக்குப் போனது. அவனும் அதோடு அங்கேயே கொஞ்ச நாள் போய் உட்கார்ந்தான்.

போகிற வரை என்னிடம் பேசவில்லை. ரயிலில் வாசல் பக்கம் நிற்கவில்லை. ராயபுரத்தில் இறங்கி எனக்கு முன்னால் வேகமாக நடந்து போய்விடுவான். சாப்பாட்டுக் கூடை ஒன்றும் கனமில்லை. அந்த நாட்களில் கனத்தது. நான் வாயைத் திறந்திருக்க வேண்டாமோ என்று ஒரு நாளும் நினைக்கவில்லை. திறந்ததற்கு இதுதான் கூலி போலிருக்கிறது என்று மட்டும் நினைத்தேன்.

பிறகு ஒரு மதியம். எல்லாரும் சாப்பிடப் போயிருந்தார்கள், ஆபீஸ் போன் அடித்தது. போன் எடுப்பது எனக்குப் பிடிக்காது. யாரென்று தெரியாமல் எப்படிப் பேசுவது? அது நிற்காமல் அடிக்கவே எடுத்தேன். லாரி ஹாரன் சத்தம்தான் முதலில் கேட்டது.

“யாரு, யக்காவா? நான் டில்லி. எண்ணூர்லேர்ந்து.”

“மேடம் சாப்பிடறாங்கப்பா. கூப்பிடவா?”

“வேணாம். உனக்குத்தான் அடிச்சேன். யக்கா, அந்தப் பொட்டி வந்துச்சு.”

“எந்தப் பொட்டி?”

“எடை எழுதாத பொட்டி. லிஸ்டுல அந்த எடம் வெறுமனே கீது. நம்ம புரோகிராம் அத்த எடை மேடைக்கு அனுப்புச்சு. நானும் பின்னாலயே ஓடிப் போய் நின்னேன்.” அவன் மூச்சு வாங்கியது எனக்குக் கேட்டது. “இருபத்திரண்டு டன்னு யக்கா. இரும்பு ரோலு. அந்தச் சின்ன வண்டி ஓட்டுறவர் பக்கத்துலதான் நின்னு பீடி குடிச்சுக்கினு கீறாரு. அவருக்கு ஒண்ணுமே தெரியாது.”

மேசை மேல் நோட்டு இருந்தது. அதை இழுத்துப் பிரித்தேன். முப்பத்தேழாவது வரியைக் குறுக்கே அடித்திருந்தோம், அதன் பக்கத்தில் ‘புரிந்தது’ கட்டம் வெறுமையாகவே இருந்தது.

“நோட்டுல எழுதிக்கணுமாப்பா?” என்று கேட்டேன்.

“எழுதிக்கோ யக்கா” என்றான். “இந்தத் தபா மெதுவா சொல்றேன். புரியலைன்னா நிறுத்து.”

அவன் மெதுவாகச் சொன்னான். நான் இரண்டு இடத்தில் நிறுத்தினேன்.